வளரும் மகளும் வளரும் வீடும்

கல்முனைப் பக்கத்து ஊர்களின் உள்ளொழுங்கைகளிலே நடந்து செல்பவர் எவரும் ஒரு காட்சியைக் காணாதிருக்க முடியாது. ஒரு வளவில் குடும்பம் குடியிருக்கும் வீடு. அதே வளவில், அல்லது அடுத்த வளவில், அரைகுறையாய் நிற்கும் இன்னொரு வீடு. அத்திவாரத்தோடு நிற்பது ஒன்று. யன்னல் மட்டத்தோடு நிற்பது மற்றொன்று. சுவர் எழும்பிக் கூரைக்குக் காத்திருப்பது வேறொன்று. மருதமுனையிலும் சாய்ந்தமருதிலும், நிந்தவூரிலும் சம்மாந்துறையிலும், அக்கரைப்பற்றிலும் இதே காட்சிதான். புதிதாக வந்தவர், “இந்த வேலை ஏன் நின்றுவிட்டது?” என்று கேட்பார். ஊரவர் புன்னகை செய்வர். அது நின்றுவிட்ட வேலையன்று, நடந்துகொண்டிருக்கும் வேலை. அவ்வீட்டுக்கு உரியவள் இன்னும் வெள்ளைச் சீருடை அணிந்து பாடசாலைக்குப் போய் வந்துகொண்டிருக்கிறாள்.

எமது கரையோரத்தின் வழக்கம் இது. மணமான பெண் பிறந்த மண்ணைவிட்டுப் பிரிந்து போவதில்லை. மாப்பிள்ளைதான் அவள் வீட்டுக்கு வருகிறார். முஸ்லிம்களுக்கு மட்டுமன்றி, அயலில் வாழும் தமிழ் மக்களுக்கும் இவ்வழக்கம் பொதுவானது. அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே அக்கரைப்பற்றை நடுவாகக் கொண்டு பல்லாண்டு ஆராய்ந்து எழுதியவற்றில், தாய்வழிக் குடிமுறையும் மகளுக்கு வீடு கொடுக்கும் முறையும் விரிவாக விளக்கப்பட்டுள்ளன. பெற்றோரும் உடன்பிறந்தாரும் சூழ, தன் பெயரிலுள்ள கூரையின்கீழ் ஒரு பெண் இல்லறம் தொடங்குவது சிறிய பேறன்று. புகுந்த வீட்டிலே அந்நியளாய் நிற்கும் துயரம் எம் பெண்களுக்கு இல்லை என்று நாம் பெருமையுறலாம்.

ஆனால் அந்தப் பெருமையைப் பேசி முடித்துவிட்டு, இவ்வாரம் வேறொரு கேள்வியைக் கேட்க விரும்புகின்றோம். அந்த வீடு யாருக்காக எழும்புகின்றதோ, அந்தப் பிள்ளையின் காதில் என்ன விழுகின்றது?

எமக்குத் தெரிந்த ஒரு குடும்பம் உண்டு. ஊரையும் பெயரையும் இங்கே எழுதோம். தந்தை சிறு வியாபாரி. மூத்தவன் கடல்கடந்து கத்தாரிலே உழைக்கிறான். அடுத்தவள் மகள்; வயது பதினான்கு. வகுப்பிலே முன்வரிசையில் இருந்தவள், மூத்தம்மாவின் மடியைவிட்டு இறங்காதவள், கலகலவென்று பேசியவள், பெரியபிள்ளையாகி ஓராண்டு கழிவதற்குள் வேறொருத்தியாய் மாறினாள். பேச்சுக் குறைந்தது. பேசினால் எரிந்து விழுந்தாள். தட்டிலே சோறு மிஞ்சியது. புத்தகம் விரித்தபடி கிடக்க, அவள் சுவரைப் பார்த்தபடி இருந்தாள். கணித பாடத்தில் எண்பது எடுத்தவள் நாற்பதுக்கு இறங்கினாள்.

தாய் என்ன செய்வாள்? கண்ணூறு என்றார்கள், தண்ணீர் ஓதிக் கொடுத்தாள். கைத்தொலைபேசிதான் காரணம் என்றார்கள். அதைப் பறித்து அலுமாரியில் பூட்டினாள். கொழுப்பு என்றார்கள், இரண்டு அடியும் கொடுத்தாள். ஒன்றும் பலிக்கவில்லை. ஒருநாள் மாலை தந்தை மேசனுக்குக் கூலி கொடுத்துவிட்டுத் திண்ணையில் வந்து இருந்து, சீமெந்து என்ன விலை, கம்பி என்ன விலை, மகன் அனுப்பிய காசு எதற்குக் காணும் என்று வழமைபோலக் கணக்குப் பார்த்தார். அன்றிரவு, விளக்கை அணைத்த பிறகு, பக்கத்தில் படுத்திருந்த மகள் இருட்டைப் பார்த்துச் சொன்னாளாம்:

“உம்மா, நான் பொறக்காம இருந்திருந்தா வாப்பாக்கும் காக்காவுக்கும் இவ்வளவு கரைச்சல் இல்லதானே?”

அத்தாய் இதை எம்மிடம் சொல்லும்போது முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். “அவளுக்காகத்தானே எல்லாம் செய்றோம்!” என்றார். ஆம், அதுதான் செய்தி. அவளுக்காகத்தான் எல்லாம் என்று அவள் நாள்தோறும் கேட்டிருக்கிறாள். நாம் சொன்ன சொல் அன்பு. அவள் கேட்ட சொல் கடன்.

சற்றே எண்ணிப் பாருங்கள். “குமர் இருக்கிற வீடு” என்கிறோம். “வயிற்றில நெருப்பக் கட்டிக்கிட்டு இருக்கிறோம்” என்கிறோம். “இந்தக் குமரைக் கரைசேர்த்துப் போட்டால் நிம்மதி” என்கிறோம். சொல்பவருக்கு இவை பழகிப்போன வழக்குச் சொற்கள், பெருமூச்சோடு வருபவை, தீங்கு எண்ணிச் சொல்பவை அல்ல. ஆனால் கதவுக்குப் பின்னால் நின்று கேட்கும் பதினான்கு வயதுப் பிள்ளைக்கு வழக்குச் சொல் ஏது? நெருப்பு என்றால் அவளே நெருப்பு. கரைசேர்க்கும் பாரம் என்றால் அவளே பாரம். அண்ணன் முப்பது வயதாகியும் மணமுடியாது நிற்பது தன்னால் என்றும், வாப்பாவின் நெஞ்சுவலி தன்னால் என்றும் அவள் கணக்குப் போடுகிறாள். கைக்கூலிப் பேச்சு எழும் வீடாயின் அக்கணக்கு இன்னும் நீளும்.

இத்தனையும் அவள்மீது வந்து விழுகின்ற காலமும் எத்தகையது? அதையும் நாம் அறிதல் வேண்டும்.

பெண்பிள்ளை பெரியபிள்ளையாகிறாள். வீட்டில் இனிப்பு வருகிறது, தண்ணீர் வார்க்கிறார்கள், மாமிமாரும் சாச்சிமாரும் குரவையிடுகிறார்கள், புத்துடையும் நகையும் பூட்டி நடுவிலே இருத்துகிறார்கள். அந்தச் சில நாள்கள் அவள் அரசி. பின்னர் என்ன? துவிச்சக்கர வண்டி தம்பிக்குப் போகிறது. கடற்கரைக்குப் போகாதே என்கிறார்கள். சிரித்தால் மெல்லச் சிரி என்கிறார்கள். நேற்றுவரை தோளில் கைபோட்டு அழைத்துச் சென்ற வாப்பா இன்று சற்றே ஒதுங்கி நிற்கிறார். தடைகளில் சில தேவையானவையாக இருக்கலாம். அதுவன்று எம் வழக்கு. எதற்கும் ஒரு விளக்கம் சொல்லப்படுவதில்லை என்பதே எம் குறை. தான் ஏதோ பிழை செய்துவிட்டதாகவும், அதற்கான தண்டனைதான் இவையென்றும் அப்பிள்ளை எண்ணுகிறாள்.

உள்ளே உடலும் ஓய்ந்திருக்கவில்லை. பருவமாற்றத்தின்போது சுரக்கும் ஹோர்மோன்கள் உடலை மட்டும் வளர்ப்பதில்லை, மூளையையும் மாற்றுகின்றன. மனித மூளையில் உணர்ச்சிகளை எழுப்பும் பகுதிகள் முந்தி முதிர்கின்றன. அவ்வுணர்ச்சிகளுக்குக் கடிவாளமிட்டு, பின்விளைவை எண்ணிப் பார்க்கும் முன்மூளைப் பகுதி ஏறத்தாழ 25 வயதுவரை முதிர்ந்துகொண்டேயிருக்கிறது என்று ஆய்வாளர் கண்டுள்ளனர். ஆகவே பதினான்கு வயதிலே சினமும் அழுகையும் வெள்ளம்போல் வருகின்றன. அணை இன்னும் கட்டி முடியவில்லை. உறக்கத்தின் நேரமும் இப்பருவத்தில் பின்தள்ளிப் போகிறது. இரவிலே கண் மூடாமையும் விடியலிலே எழும்ப மாட்டாமையும் எப்போதும் சோம்பலால் வருவன அல்ல. மாதந்தோறும் இரத்தம் இழக்கும் பிள்ளைக்கு இரும்புச்சத்துக் குறைந்தால் களைப்பும் எரிச்சலும் கவனக்குறைவும் தோன்றும். தண்ணீர் ஓதிக் கொடுப்பதற்குத் தடையில்லை. அதனோடு குடும்பநல உத்தியோகத்தரிடமோ வைத்தியரிடமோ அழைத்துச் சென்று இரத்தத்தையும் சோதிக்கச் செய்யுங்கள்.

இஃது எம் ஊருக்கு மட்டும் உரிய துயரமன்று. ஆன் பிராங்க் என்னும் யூதச் சிறுமியின் நாட்குறிப்பை உலகம் அறியும். 1942ஆம் ஆண்டு, தன் பதின்மூன்றாவது பிறந்த நாளில் அவள் அந்த ஏட்டைப் பெற்றாள். நாஸிகளுக்கு அஞ்சி, அம்ஸ்டர்டாம் நகரின் ஒரு கட்டடத்தினுள்ளே குடும்பத்தோடு ஈராண்டுக்கும் மேலாக ஒளிந்து வாழ்ந்தாள். வாசலில் மரணம் நின்றது. அப்படியிருந்தும் அவ்வேட்டிலே பக்கம் பக்கமாக அவள் எழுதியது எதைப் பற்றி? தன்னை எவரும் விளங்கிக்கொள்ளவில்லை என்பதைப் பற்றி. தாய் சொன்ன ஒரு சொல் நெஞ்சில் தைத்ததைப் பற்றி. பெருந்துன்பம் வெளியே நின்றாலும், வளரும் பிள்ளையின் உள்ளத் துன்பம் அதனால் சிறுத்துவிடுவதில்லை. இன்னொன்றும் உண்டு. 1944ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அவள் தன் பழைய பக்கங்களைப் புரட்டிப் பார்த்து, தாயைப் பற்றி இத்துணைக் கடுமையாக எழுதியவள் நானா என்று வெட்கமுற்றாள். அடுத்த ஆண்டு வதைமுகாமிலே அவள் மடிந்தாள். வெட்கமுறுவதற்கு அவளுக்குக் காலம் கிடைத்தது என்பதே எமக்கு ஆறுதல். அன்னையரே, உங்கள் மகள் இன்று வீசும் சொல்லை அவளுடைய முடிந்த முடிவாகக் கொள்ளாதீர்கள். அவள் அதைத் திருப்பிப் படிக்கும் நாள் வரும்.

இன்றைய அன்னையருக்கும் ஒரு சொல் சொல்ல வேண்டியுள்ளது. 2004 டிசம்பர் 26ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமைக் காலையில் வந்த பேரலை, இலங்கையிலேயே மிக அதிகமான உயிர்களை அம்பாறை மாவட்டத்தில்தான் கொண்டுபோயிற்று; 10,000 பேருக்கு மேல் மாண்டனர். மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது கரைகளிலே பெண்மக்களுக்கென்று கல்கல்லாய்ச் சேர்த்துக் கட்டிய வீடுகள் ஒரு நாழிகைக்குள் மணலாயின. கடலோரத்தில் 200 மீட்டர் வரை மீளக் கட்டலாகாது என்று முதலிலே விதிக்கப்பட்ட தடையால் இருந்த மண்ணும் கைவிட்டுப் போகுமோ என்று பல குடும்பங்கள் ஏங்கின. நிவாரணமாகக் கிடைத்த வீட்டையும் மகளின் சீதனமாகவே எண்ணிய தாய்மாரைப் பற்றி மக்கில்வ்ரேயும் பற்றீஷியா லோரன்ஸும் எழுதியுள்ளனர். அன்று பதின்மூன்று, பதினான்கு வயதாயிருந்த பெண்பிள்ளைகள்தாம் இன்று பதின்மூன்று, பதினான்கு வயதுப் பெண்பிள்ளைகளின் தாய்மார்.

அத்தாய்மார் தம் பருவத்திலே அழுவதற்கு இடமில்லாதிருந்தவர்கள். கூடாரத்திலே பெரியபிள்ளையானவர்கள் அவர்களுள் உண்டு. குரவையிட இருந்த உம்மாவையே கடலுக்குக் கொடுத்தவர்களும் உண்டு. ஆதலின் மகள் முகம் வாடி நிற்கும்போது, “உனக்கு என்ன குறை? நாங்கள் பட்டதில் ஒரு துளி பட்டிருப்பாயா?” என்ற சொல் அவர்கள் வாயிலே தானாக வருகிறது. அது உண்மையான சொல்தான். ஆனால் அதைக் கேட்ட பிள்ளை ஆறுதல் அடைவதில்லை. தன் துயரத்துக்கும் உரிமையற்றவள் ஆனாள் என்று வாயை மூடிக்கொள்கிறாள். உங்கள் கதையை அவளுக்குச் சொல்லுங்கள். அளவுகோலாகச் சொல்லாதீர்கள், கதையாகச் சொல்லுங்கள். உம்மாவும் ஒருநாள் இருட்டிலே அழுதவள் என்று அறிந்தால், அவளுக்கும் அழுவதற்கு ஓர் இடம் கிடைக்கும்.

காலமும் மாறியிருக்கிறது. இன்று கல்முனை மஹ்மூத் மகளிர் கல்லூரி போன்ற பாடசாலைகளில் எம் பெண்பிள்ளைகள் விஞ்ஞானமும் கணிதமும் கற்கின்றனர். 1995ஆம் ஆண்டு பல்கலைக்கழகக் கல்லூரியாகத் தோன்றி மறு ஆண்டே தென்கிழக்குப் பல்கலைக்கழகமாக உயர்ந்த கலைக்கூடம் ஒலுவிலிலே, வீட்டு வாசலிலேயே நிற்கிறது. மகள் வைத்தியராக வேண்டும் என்று பகலிலே சொல்கிறோம். நல்ல இடம் வந்தால் கொடுத்துவிட வேண்டியதுதான் என்று இரவிலே பேசுகிறோம். இரண்டையும் அவள் கேட்கிறாள். எதற்காகப் படிப்பது, எதற்காக ஆசைப்படுவது என்று அறியாது திகைக்கிறாள்.

ஆகவே பெற்றோர்க்கு நாம் சொல்லக்கூடியவை சில.

முதலாவது, வீட்டுக் கணக்கைப் பிள்ளையின் காதுபடப் பெருமூச்சோடு பேசாதீர்கள். கணக்கை மறைக்க வேண்டும் என்பதன்று. அவளை அழைத்து அமைதியாகச் சொல்லுங்கள். “என் உம்மாவுக்கு அவள் உம்மா கொடுத்தாள், எனக்கு என் உம்மா கொடுத்தாள், உனக்கு நான் தருகிறேன், இது எங்கள் முறை. நீ எனக்கு ஒன்றும் கடன்பட்டவள் அல்ல” என்று வாய்திறந்து சொல்லுங்கள். சொல்லாமலே விளங்கும் என்று எண்ணாதீர்கள்.

இரண்டாவது, நாளிலே கொஞ்ச நேரம் அவளுக்கென்று ஒதுக்குங்கள். தலைவாரிப் பின்னும் நேரமாயினும் சரி, மீன் வெட்டும் நேரமாயினும் சரி. கேள்வி கேட்காமல் கேட்டிருங்கள். அவள் சொன்னதை மறுநாள் வந்த மாமியிடமோ பக்கத்து வீட்டு ராத்தாவிடமோ சொல்லிச் சிரிக்காதீர்கள். ஒருமுறை அப்படிச் செய்தால் அந்தக் கதவு பிறகு திறவாது.

மூன்றாவது, தந்தையர்க்கு. மகள் வளர்ந்துவிட்டாள் என்று நீங்கள் மரியாதையாக ஒதுங்குகிறீர்கள். வாப்பாவுக்கு என்னைப் பிடிக்கவில்லை என்று அவள் எண்ணுகிறாள். அருமை மகள் பாத்திமா (ரலி) வீட்டுக்குள் வரும்போது நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் எழுந்து சென்று, கைப்பற்றி முத்தமிட்டு, தம் இடத்திலே இருத்துவார்கள் என்பதை நாம் அனைவரும் சிறு வயதிலேயே கேட்டிருக்கிறோம். கேட்டதை நம் திண்ணைக்குக் கொண்டுவருவதில் என்ன தடை? “சாப்பிட்டியா மகள்? இன்றைக்கு என்ன படிச்சீங்க?” என்று கேட்பதற்குக் காசு வேண்டியதில்லை.

நான்காவது, எச்சரிக்கை. இரண்டு கிழமைக்கு மேலாகத் துயரம் நீங்காமை, உணவும் உறக்கமும் கெடுதல், தோழியரை வெறுத்து ஒதுங்குதல், “நான் இல்லாவிட்டால் நல்லது” என்னும் பேச்சு - இவற்றுள் எதைக் கண்டாலும் நடிப்பு என்று தள்ளாதீர்கள். அத்தகைய பேச்சைக் கேட்டால் இரண்டு கிழமை காத்திருக்கவும் வேண்டாம். தொண்ணூறுகளின் நடுவிலே இலங்கை, உலகிலேயே தற்கொலை மிகுந்த நாடுகளுள் ஒன்றாயிருந்தது. கொடிய கிருமிநாசினிகள் தடை செய்யப்பட்ட பின்னர் அத்தொகை பெரிதும் குறைந்தது. அதிலிருந்து நாம் கற்றது என்ன? மனத்தில் எழும் அந்தப் புயல் பலருக்குச் சிறிது நேரத்திலே அடங்கிவிடுகிறது; அந்நேரத்தைக் கடத்திவிட்டால் உயிர் தங்குகிறது. கமஞ்செய்வோர் மிகுந்த எமது மாவட்டத்திலே கிருமிநாசினியைப் பூட்டி வைப்பது பெற்றோர் கடமை. அரச வைத்தியசாலைகளின் உளநலப் பிரிவுக்குப் போவது பைத்தியம் என்பதற்கு அடையாளமன்று. காய்ச்சலுக்கு மருந்தெடுப்பது போன்றதே. தேசிய உளநல நிறுவகத்தின் 1926 என்னும் இலக்கமும், சிறுவருக்கென்றுள்ள 1929 என்னும் இலக்கமும் தொலைபேசி உள்ள எவருக்கும் எட்டும்.

இப்பகுதியை உம்மாவுக்குத் தெரியாமல் எடுத்துப் படிக்கும் மகளே, உனக்கும் ஒரு சொல். உன் மனத்தில் நிகழ்வது பிழையன்று, வளர்ச்சி. நீ எவருடைய தலையிலும் ஏற்றப்பட்ட பாரமல்லள். உன் வாப்பா சுமப்பது கல்லையும் சீமெந்தையும்தான், உன்னை அல்ல. நெஞ்சு பொறுக்காத நாளில் ஒருவரிடமேனும் வாய்விட்டுச் சொல். உம்மாவிடம் முடியாவிட்டால் மூத்தம்மாவிடம். அவரிடமும் முடியாவிட்டால் உன் ஆசிரியையிடம். முதலில் கேட்டவர் விளங்கிக்கொள்ளாவிட்டால் இரண்டாமவரிடம் சொல். இருட்டிலே உம்மாவிடம் கேட்டாளே ஒரு பிள்ளை, அவள் செய்ததுதான் துணிவு.

அப்பிள்ளையின் செய்தியைச் சொல்லி முடிக்கின்றோம். அந்த இரவுக்குப் பின் தாய் தந்தையிடம் பேசினார். வைத்தியரிடம் காட்டியபோது இரத்தக்குறைவும் இருக்கக் கண்டனர், மாத்திரை கொடுத்தனர். கைத்தொலைபேசி அலுமாரியிலிருந்து மாலை வேளைகளில் வெளியே வந்தது. ஒரு வெள்ளிக்கிழமை, ஜும்ஆ முடிந்து வந்த தந்தை, மகளை அழைத்துக்கொண்டு அந்த அரைகுறை வீட்டினுள்ளே போனார். அதன் சுவர்களுக்கிடையே அவள் அதுவரை கால் வைத்ததில்லையாம், கூப்பிட்டவருமில்லையாம். “மகள், மேசன் நாளைக்கு வாறார். யன்னல் எந்தப் பக்கம் வைப்போம்?” என்று அவர் கேட்டார். அவள் நெடுநேரம் நின்று பார்த்துவிட்டு, கிழக்குப் பக்கத்தைக் காட்டி, “இங்க வைங்க வாப்பா. கீழே என்ட மேசையைப் போட்டுப் படிக்கலாம்” என்றாளாம்.

அவள் இன்னும் சில நாள்களில் எரிந்து விழுகிறாள்; அழுகிறாள். கணிதத்தில் எண்பது இன்னும் வரவில்லை. ஆனால் தட்டிலே சோறு மிஞ்சுவதில்லை என்று தாய் சொன்னார். இப்போதைக்கு அது போதும்.